பக்கத்துக் கட்டில் பையன்

அன்புள்ள ஐயா,

என் மகன் அடுத்த மாதம் தேசிய சேவைக்காக, சிங்கப்பூர் ராணுவத்தின் அடிப்படைப் பயிற்சி நடக்கும் தெக்கோங் தீவுக்குப் போகிறான். அதனால் அந்தப் பயிற்சியைப் பற்றி ஜேக் நியோ இயக்கிய ‘ஆ பாய்ஸ் டு மென்’ படத்தின் இரண்டாம் பாகத்தைக் குடும்பமாக மறுபடி பார்த்தோம். வீட்டில் எல்லோரும் சிரித்தார்கள், எனக்குத்தான் மனசு உறுத்தியது. ராணுவத்துக்குப் போனால்தான் பையன் ஆண்பிள்ளை ஆவான் என்றால், 18 வருடம் நான் வளர்த்தது என்ன? நீங்களும் தேசிய சேவை செய்தவர். படம் சொல்வது உண்மையா?

– ஒரு வாசகி, உட்லண்ட்ஸ்

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் உறுத்தல் நியாயமானது. பையன்கள் ஆண்களாவது என்ற அந்தப் படத் தலைப்புக்குப் பின்னால் ஒரு பழைய வழக்கு இருக்கிறது. நல்ல இரும்பை ஆணியாக்க மாட்டார்கள், நல்ல பிள்ளை சிப்பாயாக மாட்டான் என்று சீனத்தில் ஒரு பழமொழி உண்டு. 1967-ல் தேசிய சேவை என்ற கட்டாய ராணுவச் சேவை தொடங்கியபோது பல பெற்றோர் அப்படித்தான் நினைத்தார்கள். அவர்களைச் சமாதானப்படுத்தச் சொன்ன பதில்தான் ‘உங்கள் பையனை மனிதனாக்கி அனுப்புகிறோம்’ என்பது. 2013-ல் வந்த படமும் அதையே திரும்பச் சொல்கிறது. அந்தப் பதிலை நான் நம்பவில்லை.

ஆனால் படத்தை நம்புகிறேன், வேறொரு காரணத்துக்காக. முதல் பாகத்தில் கதாநாயகன் கென் பொய்க் காய்ச்சல் வரவழைக்கிறான், அப்பா பக்கவாதத்தில் விழுகிறார். இரண்டாம் பாகத்தில் அவன் திருந்துவது எதிர்பார்த்ததுதான். எனக்கு முக்கியம் ‘வாயாங் கிங்’ என்று எல்லோரும் பட்டப்பெயர் வைத்து ஒதுக்கும் சக வீரன் அலோஷியஸ். வாயாங் என்றால் மலாயில் கூத்து. சார்ஜென்ட் பார்க்க வேண்டும் என்றே உழைப்பவனை இங்கே அப்படிச் சொல்வோம்.

நான் பயிற்சி பெற்ற செக்‌ஷனிலும், அதாவது சிறு குழுவிலும், அப்படி ஒருவன் இருந்தான். நாங்கள் எழுவதற்கு முன்பே கழிப்பறையைத் தேய்த்துக் கழுவி வைத்திருப்பான். வாயாங் என்று முடிவு கட்டி அவனோடு பேசுவதையே நிறுத்திவிட்டோம். ஒரு வாரம் சார்ஜென்ட் விடுப்பில் போனார். அப்போதும் கழுவினான். அப்புறம்தான் கேட்டேன். அவன் அம்மா உணவங்காடியில் துப்புரவு வேலை செய்பவர். பள்ளிக்குப் போகும் முன் அவரோடு போய் உதவி செய்து பழகியவன். அவன் கட்டில் என் கட்டிலுக்குப் பக்கத்துக் கட்டில். அதைக் கேட்க எனக்கு இரண்டு மாதம் ஆகியிருந்தது. இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது.

பள்ளியில் பிடிக்காதவனை விட்டு நகர்ந்து உட்காரலாம். தெக்கோங்கில் நகர முடியாது, அவன் தப்பு செய்தால் தண்டனை உனக்கும் சேர்த்துத்தான். நான் கொஞ்சமாவது வளர்ந்தேன் என்றால் அந்த நெருக்கடியில்தான். துப்பாக்கிக்கு அதில் பங்கில்லை. கேட்கத் தெரிந்தது என் அம்மா கொடுத்தது. கேட்காமல் இருக்க முடியாத இடம் மட்டும்தான் ராணுவம் கொடுத்தது. படத்தில் அலோஷியஸ் வரும் காட்சிகளில் இந்த உண்மை இருக்கிறது. காதலியை, விட்டுவிட்டுப் போகிறவளாக மட்டுமே காட்டும் பகுதி எனக்கும் பிடிக்கவில்லை.

சேரும் நாளில் பெற்றோரையும் படகில் கூட்டிப்போவார்கள். கட்டாயம் போங்கள். அவன் படுக்கும் அறையைப் பாருங்கள், அங்கேயே சாப்பிடுங்கள். முதல் விடுப்பில் வரும்போது பயிற்சி எப்படி என்று எல்லோரும் கேட்பார்கள். நீங்கள் பக்கத்துக் கட்டில் பையனைப் பற்றிக் கேளுங்கள்.