கூட இருப்பவருக்காக மொத்த அணியும் பெரிய வாய்ப்பை விட்டுக்கொடுத்தது நிஜத்தில் நடந்திருக்கிறதா?

நடந்திருக்கிறது. 1951-இல், சான் பிரான்சிஸ்கோவில். இப்படிக் கேட்பவர் பொது அறிவுக்காகக் கேட்கவில்லை, ஆபீஸில் யாரையோ கழற்றிவிடச் சொல்லியிருக்கிறார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. இல்லையென்றால் மன்னிக்கவும்.

சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகம் இயேசு சபையினர் நடத்துவது. அணியின் பெயர் டான்ஸ், அதாவது ‘டான்’கள். நம்ம ஊர் சினிமா டான் இல்லை, ஸ்பானிய மரியாதைப் பட்டம். ஆட்டம் அமெரிக்கன் ஃபுட்பால். கையில் பந்தைக் கட்டிக்கொண்டு ஓடுவதற்கு அந்தப் பெயர் எதற்கு என்று கமெண்டில் வராதீர்கள், அந்தப் பஞ்சாயத்து எனக்கே இன்னும் தீரவில்லை.

பயிற்சியாளர் ஜோ குஹாரிச். அந்த சீசனில் 9 ஆட்டம், 9 வெற்றி. ஓட்டக்காரர் ஆலி மேட்சன் மட்டும் 1,566 யார்டு ஓடினார், நாட்டிலேயே அதுதான் அதிகம். நியூயார்க்கில் ஃபோர்டாம் அணியோடு நடந்த ஆட்டம்தான் எனக்குப் பிடித்தது. எதிரணி உதைத்து அனுப்பிய பந்தைப் பிடித்து 94 யார்டு ஓடி ஒரு டச்டவுன் (பந்தோடு எதிரணியின் எல்லைக்கோட்டைத் தாண்டிப் புள்ளி எடுப்பது), அப்புறம் இன்னொரு முறை 90 யார்டு ஓடி இன்னொன்று. முடிவு 32-26. கடைசி ஆட்டத்தில் லொயோலாவை 20-2 என்று வென்றார்கள்.

சீசன் முடிந்ததும் நல்ல அணிகளைப் புத்தாண்டையொட்டி ‘போல்’ ஆட்டங்களுக்குக் கூப்பிடுவது வழக்கம். பேருக்குப் பேர், பணத்துக்குப் பணம். கல்லூரியோ ஃபுட்பாலில் கையைச் சுட்டுக்கொண்டிருந்தது. ஆனால் மேட்சனும் தடுப்பாட்டக்காரர் பர்ல் டோலரும் கறுப்பினத்தவர்கள். அந்த இருவரையும் விட்டுவிட்டு வந்தால் நிறவெறி ஊறிய தெற்கு மாநிலங்களில் ஒரு போல் ஆட்டம் கிடைக்கும் என்று சேதி வந்ததாக வீரர்கள் பின்னாளில் சொன்னார்கள். முடியாது என்றது அணி. தோல்வியும் இல்லை, டிராவும் இல்லை, அழைப்பும் இல்லை. அந்த சீசனோடு கல்லூரி ஃபுட்பாலையே மூடிவிட்டது.

‘அவர்கள் மோதியதெல்லாம் சொத்தை அணிகள், அதனால்தான் கூப்பிடவில்லை’ என்று எழுதப் போகிறவர்களுக்கு: அந்தக் காரணம் அப்போதே சொல்லப்பட்டதுதான், படித்திருக்கிறேன். அட்டவணைதான் சொத்தை என்றால் இரண்டு பேரை மட்டும் விட்டுவிட்டு வா என்று எதற்குச் சொல்ல வேண்டும்? அதே அணியிலிருந்து மேட்சன், ஜீனோ மார்க்கெட்டி, பாப் செயின்ட் கிளேர் என்று மூன்று பேர் தொழில்முறை ஃபுட்பாலின் ஹால் ஆஃப் ஃபேமுக்கு, அதாவது சாதனையாளர்களைக் கௌரவிக்கும் அரங்குக்குப் போனார்கள். முழங்கால் உடைந்ததால் தொழில்முறை ஆட்டக்காரராக முடியாமல் போன டோலர், 1965-இல் அமெரிக்கத் தொழில்முறை ஃபுட்பால் லீகான என்எஃப்எல்லின் முதல் கறுப்பின நடுவரானார். சொத்தை அணியாம்!

இதையெல்லாம் நான் ஏன் தேடிப் படித்தேன் என்றால், அதே ஊரில் நானும் ஒரு அணியில் இருந்தேன். மென்பொருள் அணிதான், சிரிக்காதீர்கள். நிறவெறியையும் ஆபீஸ் அரசியலையும் ஒன்றாக்குகிறேன் என்று சண்டைக்கும் வராதீர்கள். இரண்டும் ஒன்றில்லை என்று எனக்குத் தெரியும்.

ஒன்பது மாத வேலை. பாதிக்கு மேல் திருநெல்வேலிக்காரர் ஒருவரின் மண்டையில் உதித்தது. அவர் கான்ட்ராக்டர், கழுத்தில் வேறு நிற பேட்ஜ். வேலை முடிந்ததும் வாடிக்கையாளர் மொத்த டீமுக்கும் ஒரு விருந்து வைத்தார். இரண்டு நாள் முன்னால் மேலாளர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, “கான்ட்ராக்டர்கள் வேண்டாம் என்கிறார்கள், நீயே அவரிடம் பக்குவமாகச் சொல்லிவிடு” என்றார். நாங்கள் ஆறு பேர் அங்கே நிரந்தர ஊழியர்கள். ஆறு பேரும் ஒன்றாகப் போய்க் கேட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? ஒன்றும் ஆகியிருக்காது, அதிகம் போனால் ஒரு விருந்து போயிருக்கும். விசா, வீட்டுக்கடன், பிள்ளை படிப்பு என்று எனக்கும் காரணங்கள் இருந்தன. உங்களுக்கும் இருக்கும்.

(சம்பந்தமில்லாத ஒன்று: இந்த டான்ஸ் கதையை நான் ஏற்கனவே சுருக்கமாக எழுதியிருந்தேன். என் பெயரை வெட்டிவிட்டு, கீழே ஒரு ரோஜாப்பூப் படம் சேர்த்து வாட்ஸப்பில் சுற்றவிட்டார்கள். என் சித்தப்பாவே எனக்கு அனுப்பி “படிச்சுப் பாரு, நல்லா எழுதியிருக்கான்” என்றார். இந்தத் தடவையாவது பெயரை விட்டுவையுங்கள்.)

சரி, விஷயத்துக்கு வருகிறேன். அவரிடம் போய்ச் சொன்னேன். “அட, எனக்கு அன்னைக்கு வேற வேலை இருக்கு தம்பி” என்றார். அப்புறம் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “கோட்டு வச்சிருக்கியா?” என்று கேட்டார். இல்லை. மறுநாள் தன்னுடையதைக் கொண்டுவந்து கொடுத்தார். புதிதாகச் சலவை செய்த கோட்டு. விருந்தில் கைக்குட்டைக்காகப் பாக்கெட்டில் கை விட்டபோது சலவைக் கடைச் சீட்டு வந்தது. நான் போய்ச் சொல்வதற்கு முந்தின நாள் தேதி.

திங்கட்கிழமை கோட்டைத் திருப்பிக் கொடுத்தேன். வாங்கி நாற்காலியில் மாட்டிவிட்டு, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டார்: “சாப்பாடு எப்படி இருந்துச்சு?”

“நல்லா இருந்துச்சுண்ணே” என்றேன்.