அந்தக் கை

அன்பின் அண்ணா,
புதுப்பித்த 'ஹிரோஷிமா மோன் அமூர்' படத்தை அம்மாவோடு இருந்து பார்த்தேன். நான் கதையைச் சொல்லச் சொல்ல அவவும் பார்த்தா. முடிந்த பிறகு, "எனக்கும் தம்பிட முகம் இப்ப வடிவா வருதில்ல" என்றா. 1990இல் போன மாமா. மறந்துபோவது துரோகமா?
– க., களுவாஞ்சிக்குடி

அன்பின் க.,
அம்மா சொன்னதை இரண்டு தரம் வாசித்தேன். படத்தில் வரும் பிரெஞ்சுப் பெண் பயப்படுவதும் இதற்குத்தான். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில், பிரான்சின் நெவேர் ஊரில், எதிரிப் படையைச் சேர்ந்த அவளுடைய ஜேர்மன் காதலனைச் சுட்டுக் கொல்கிறார்கள். அவளுக்கு மொட்டையடித்து நிலவறையில் அடைக்கிறார்கள். 14 வருடம் கழித்து ஹிரோஷிமாவில் ஒரு ஜப்பானியரிடம்தான் முதன்முதலாக வாய் திறக்கிறாள். அன்றிரவே விடுதிக் கண்ணாடி முன் நின்று, உன்னை ஏமாற்றிவிட்டேன், நம் கதையைச் சொல்லிவிட்டேன் என்று செத்தவனிடம் பேசுகிறாள். 1959இல் மார்கரித் துராஸ் எழுதி அலன் ரெனே எடுத்த இந்தப் படத்தில் எனக்கு ஆக வலிக்கும் இடம் அது. துரோகம் என்று அவளே நினைக்கிறாள். நான் அப்படி நினைக்கவில்லை.

அதற்கு முன்பு வரும் காலைக் காட்சியைத் திரும்பப் பாருங்கள். கையில் கோப்பியோடு நிற்கிறாள். கட்டிலில் அந்த ஜப்பானியர் தூங்குகிறார், விரல்கள் லேசாகத் துடிக்கின்றன. சட்டென்று வேறொரு கை, நிலத்தில் கிடந்து துடிக்கிறது. பிறகு இரத்தம் படிந்த முகம். கண்மூடித் திறப்பதற்குள் போய்விடும். முன்பு நான் பார்த்த தேய்ந்த பிரதியில் அதைப் பிரதியின் பழுது என்றே நினைத்திருந்தேன். 2013இல் வந்த மீட்டெடுத்த பிரதியில்தான் இரண்டு கைகளும் தெளிவாகத் தெரிந்தன. அவள் அந்த ஜேர்மன் காதலனை நினைக்க முயலவே இல்லை. கை துடித்தது, அவன் வந்துவிட்டான்.

கல்லடியில் எங்கள் பெரியம்மாவும் அதே 1990இல் மகனைப் பறிகொடுத்தவ. ஒரு போட்டோவும் மிஞ்சவில்லை, முகம் மங்கிவிட்டது என்பா. ஆனால் யாராவது பொடியன் கடற்கரை மணல் போகச் செருப்பை வாசற்படியில் இரண்டு தரம் தட்டினால், அடுப்படியில் அகப்பையைப் பிடித்தபடி அப்படியே நின்றுவிடுவா. கறி அடிப்பிடிப்பதும் தெரியாது.

அதனால் அம்மாவிடம் முகத்தைக் கேட்க வேண்டாம். மாமா சோற்றை எப்படிப் பிசைவார், சைக்கிளை எந்தப் பக்கம் சாத்துவார் என்று கேட்டுப் பாருங்கள். சொன்னா என்றால் எனக்கும் எழுதுங்கள்.