சுமேரின் மாணவர்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். தென்காசிக்கு அருகே ஓர் அரசுப் பள்ளியில் ஒன்பதாம் வகுப்புக்குச் சமூக அறிவியல் நடத்துகிறேன். பண்டைய நாகரிகங்கள் பாடத்துக்காக எகிப்தின் பிரமிடுகளையும் மொகஞ்சதாரோவின் பெருங்குளத்தையும் படமாகக் காட்டினேன். மெசபடோமியாவுக்கு எனக்குக் கிடைத்தது பாலைநிலத்தில் ஒரு மண்மேட்டின் படம் மட்டுமே. ஒரு மாணவன் எழுந்து, "எல்லாம் அழிஞ்சு போச்சுன்னா அதை ஏன் டீச்சர் படிக்கணும்?" என்றான். குறும்புக்காகக் கேட்கவில்லை, உண்மையிலேயே தெரிந்துகொள்ள விரும்பினான். நான் சொன்ன பதில் எனக்கே நிறைவாக இல்லை. சுமேரியர்கள் விட்டுச்சென்றதுதான் என்ன? அடுத்த வகுப்பில் எதைக் காட்டலாம்?

அன்புடன்,
ம., தென்காசி

அன்புள்ள ம. அவர்களுக்கு,

உங்கள் மாணவனின் கேள்வி நியாயமானது. நாகரிகங்களை நினைவுச்சின்னங்களின் வரிசையாகக் கற்பிக்கும்போது, கல்லில் கட்டியவர்கள் நிலைத்தார்கள், மண்ணில் கட்டியவர்கள் அழிந்தார்கள் என்ற எண்ணம் பிள்ளைகள் மனத்தில் தானாகவே படிந்துவிடுகிறது. நீங்கள் காட்டிய அந்த மண்மேட்டிலிருந்தே தொடங்கலாம். சுமேரியர் வாழ்ந்த தென் மெசபடோமியா, அதாவது இன்றைய ஈராக்கின் தென்பகுதி, ஆற்று வண்டல் படிந்த சமவெளி. அங்கே கல் அரிது, உறுதியான மரம் அரிது, உலோகத் தாது கிடையாது. சேறும் நாணலும் பேரீச்சையும்தான் உண்டு. வெயிலில் காயவைத்த பச்சைச் செங்கல்லால் எழுப்பிய சுவரை ஆண்டுதோறும் பூசிப் பேணினால்தான் அது நிற்கும். இடிந்ததன்மேல் மீண்டும் கட்டிக் கட்டி ஊர் உயர்ந்தது. மக்கள் வெளியேறியபின் மழையும் காற்றும் அதைக் கரைத்தன. ஆகவே அந்த மேடு, பல நூற்றாண்டு வீடுகள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டிருக்கும் நகரமேதான்.

அந்த நிலத்தில் வேளாண்மை எளிதாக இருக்கவில்லை. நைல் கோடையின் இறுதியில், விதைப்புக்கு முன்பாகப் பெருகி, வயலை நனைத்துவிட்டு வடியும். டைகிரிசும் யூப்ரடீசுமோ வடக்கே மலைப்பனி உருகும் வசந்தத்தில், பார்லி அறுவடையை நெருங்கும் நேரத்தில் பெருகுபவை. விளைந்த பயிரையே அடித்துச் செல்லக்கூடியவை. எனவே கரை போடுவது, கால்வாய் வெட்டுவது, தூர்வாருவது என்று ஓயாத வேலை இருந்தது. நகரங்களும் கோயில் நிர்வாகமும் எழுந்ததற்கு இது ஒன்றே காரணம் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் பெருந்தொகையான ஆட்களுக்குத் தானியத்தில் கூலி கொடுத்த நிர்வாகத்துக்கு, எவருக்கு எவ்வளவு கொடுத்தோம் என்பதை நினைவிலேயே வைத்திருக்க முடியாத நிலை வந்தது என்பது உறுதி.

இதைக் கண்முன் நிறுத்த ஒரு கிண்ணம் போதும். உருக் நகரத்தின் அகழாய்வில், விளிம்பு சாய்வாக வெட்டப்பட்ட, மெருகோ அலங்காரமோ இல்லாத, அவசரமாகச் செய்யப்பட்ட மண்கிண்ணங்கள் ஆயிரக்கணக்கில் கிடைத்தன. கூலித் தானியம் அளந்துகொடுக்கப் பயன்பட்டவை என்பது நெடுநாளைய கருத்து. ரொட்டி சுடும் அச்சு என்போரும் உண்டு. எதுவாயினும், கி.மு. 3300-ஐ ஒட்டி அதே நகரில் எழுத்து தோன்றியபோது, இந்தக் கிண்ணத்தின் கோட்டுருவம் உணவைக் குறிக்கும் குறியாயிற்று. ஒரு மனிதத் தலையை வரைந்து அதன் வாயருகே இந்தக் கிண்ணத்தையும் வரைந்தால் 'உண்' என்று பொருள், உணவுப் பங்கீடு என்றும் பொருள். உருக்கின் தொடக்ககாலக் களிமண் பலகைகள் ஏறத்தாழ 5000 கிடைத்திருக்கின்றன. அவற்றில் பத்துக்கு எட்டுக்கும் மேல் பார்லி, ஆடு, பீர், ஆட்கள் பற்றிய கணக்குகள். எஞ்சியவை அந்தக் குறிகளைக் கற்பதற்கான சொற்பட்டியல்கள். அரசர் புகழ் இல்லை, தெய்வத் துதி இல்லை. எழுத்து பிறந்த நாள் முதலே அதைக் கற்பிப்பதும் கூடவே பிறந்திருக்கிறது என்பதை ஓர் ஆசிரியரான உங்களிடம் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். உங்கள் மாணவனுக்கான பதில் இங்கேதான் இருக்கிறது என்று நான் நம்புகிறேன்.

சுமேரிய மொழி கி.மு. 2000-ஐ ஒட்டிப் பேச்சிலிருந்து ஏறத்தாழ மறைந்துவிட்டது. வீட்டிலும் தெருவிலும் அக்காடியம் என்ற வேறொரு மொழியைப் பேசிய பிள்ளைகள், பள்ளியில் மட்டும் சுமேரியத்தை எழுதிப் படித்தார்கள். (சுமேரியத்துக்கு எந்த மொழியோடும் உறவு நிறுவப்படவில்லை. சில சொற்களின் ஒலியொப்புமையை மட்டும் வைத்து அதைத் தமிழோடு இணைக்கும் முயற்சிகள் என்னை ஏற்கச் செய்யவில்லை. வகுப்பில் அக்கேள்வி எழுந்தால் இதை ஒளிவின்றிச் சொல்லிவிடுங்கள்.) நிப்பூர் நகரில் 1951–52 அகழாய்வில் வெளிப்பட்ட ஒரு சிறு வீடு, கி.மு. 18-ஆம் நூற்றாண்டில் பள்ளியாக இயங்கியது. எழுதிப் பழகிய பலகைகளைப் போட்டு மீண்டும் பிசைந்துகொள்ள அங்கே ஒரு தொட்டி இருந்தது. பிசையப்படாமல் தப்பியவை தரைக்கும் சுவருக்கும் நிரப்பாயின. அப்படி ஆயிரத்துக்கும் மேற்பட்ட பலகைத் துண்டுகள் அந்த ஒரே வீட்டில் கிடைத்தன. இன்று நாம் படிக்கும் சுமேரிய இலக்கியத்தின் பெரும்பகுதி இத்தகைய பயிற்சி ஏடுகளிலிருந்தே மீட்கப்பட்டது. அம்மா கொடுத்த இரண்டு ரொட்டிகளோடு பள்ளிக்கு ஓடி, தாமதத்துக்கும் கையெழுத்துக்கும் அடிவாங்கி, கடைசியில் ஆசிரியரை வீட்டுக்கு அழைத்து விருந்து வைக்கும்படி அப்பாவிடம் சொல்லும் ஒரு மாணவனின் கதையும் அவற்றில் ஒன்று. பேசுவோர் இல்லாத ஒரு மொழியை, அதைத் தாய்மொழியாகக் கொள்ளாத பிள்ளைகள் தலைமுறை தலைமுறையாகப் பார்த்தெழுதிக் காத்தார்கள். இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு நெகிழ்கிறது.

களிமண்ணும் அவர்களுக்குத் துணைநின்றது. கி.மு. 612-இல் வடக்கே அசீரியரின் தலைநகரான நினெவே எரிக்கப்பட்டபோது, அங்கே முன்பு ஆண்ட அசூர்பனிபால் அரசனின் நூலகத்தில் மெழுகு பூசிய மரப்பலகைகள் அழிந்தன. களிமண் பலகைகள் பல அந்தத் தீயிலேயே சுடப்பட்டு மேலும் இறுகின. அங்கிருந்து கிடைத்த ஏறத்தாழ 30,000 பலகைகளும் துண்டுகளும் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் உள்ளன. ஓரிரு நூற்றாண்டுக்கு ஒருமுறை படியெடுக்காவிட்டால் செல்லரித்துப்போகும் ஓலைச்சுவடிகளின் வழியே நம் நூல்களைப் பெற்ற நமக்கு, இது எத்தகைய பேறு என்று விளங்கும்.

அடுத்து, நம் வீட்டுக்குள் வந்து சேர்ந்தவை. சுமேரியர் 60-ஐ அடியாகக் கொண்டு எண்ணினர். மணிக்கு 60 நிமிடம் என்பதும் வட்டத்துக்கு 360 பாகை என்பதும் அந்த மரபிலிருந்து வந்தவை. வானத்தைத் தலா 30 பாகை கொண்ட 12 சம ராசிகளாகப் பகுத்தவர்கள், சுமேரியருக்குப் பின் அதே நிலத்தில் அவர்களின் எழுத்தையும் எண்முறையையும் தொடர்ந்த பாபிலோனியரின், கி.மு. 5-ஆம் நூற்றாண்டையொட்டிய வானியலாளர்கள். அந்தப் பகுப்பு கிரேக்கர் வழியாக இந்தியாவுக்கு வந்தது. காளை, சிங்கம், தேள், துலாக்கோல் ஆகியவை அவர்கள் வானத்தில் கண்ட உருவங்கள். மகரத்தின் இடத்தில் அவர்கள் கண்டது, முன்பாதி வெள்ளாடும் பின்பாதி மீனுமான ஓர் உயிர். சுமேரியரின் நன்னீர்த் தெய்வமான என்கியின் சின்னம் அது. தை முதல் நாளில் சூரியன் மகரத்தில் நுழைகிறது என்று நம் பஞ்சாங்கம் சொல்லும்போது, அந்தப் பழைய கட்டத்தைத்தான் நாமும் பயன்படுத்துகிறோம்.

எதைக் காட்டலாம் என்று கேட்டிருந்தீர்கள். அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத் தொகுப்பில் உள்ளங்கையில் அடங்கும் வட்டமான ஒரு பாபிலோனியப் பலகை இருக்கிறது. அதில் ஒரு சதுரம், அதன் இரு மூலைவிட்டங்கள், பக்கத்தின்மேல் 30 என்ற எண். மூலைவிட்டத்தின் மேல் 1, 24, 51, 10 என்று 60-இன் அடியில் (அதாவது 1 + 24/60 + 51/3600 + 10/216000) எழுதப்பட்டிருப்பது இரண்டின் வர்க்கமூலம். நம் முறையில் 1.414213 வரும், பிழை பத்து லட்சத்தில் ஒரு பங்குக்கும் குறைவு. இது ஒரு மாணவரின் பயிற்சி என்றே அறிஞர்கள் பெரும்பாலும் கருதுகின்றனர். இணையத்தில் அதன் தெளிவான படம் கிடைக்கும். அதைக் காட்டி, அந்தச் சதுரத்தைக் கரும்பலகையில் வரைந்து கணக்கைச் சரிபார்க்கும்படி அந்த மாணவனையே அழையுங்கள்.

அன்புடன்.