போனைப் பூட்டி வைத்தால் நெஞ்சு படபடக்கிறது

கேள்வி: தலவாக்கலைக்குப் பக்கத்தில் ஒரு தோட்டத்தில் இருக்கிறேன். வயது 26, முன்பள்ளி ஆசிரியை. கணவர் கொழும்பில் கடை வேலை, அம்மா குவைத்தில் வீட்டு வேலை. அம்மா இரவில்தான் எடுப்பார். அதுவரை வீடியோ பார்த்துக்கொண்டு விழித்திருப்பேன். காலை 5 மணிக்கு எழும்ப வேண்டும். போன போயா (பௌர்ணமி விடுமுறை) தினத்தில் போனைப் பெட்டியில் பூட்டி வைத்தேன். பத்து மணிக்கெல்லாம் நெஞ்சு படபடத்தது. இடுப்பில் போன் இல்லாமலே அதிர்வது போல இருந்தது. பிள்ளை மேல் எரிந்து விழுந்தேன். பின்னேரம் மூன்று மணிக்குத் திறந்துவிட்டேன். இது நோயா?

பதில்: நோய் என்று பயப்படாதீர்கள். இல்லாத போன் அதிர்வது எனக்கும் நடந்திருக்கிறது. மூளை எந்நேரமும் அழைப்பை எதிர்பார்த்திருப்பதால், துணி உரசினாலும் அதைப் போன் என்றே எடுத்துக்கொள்கிறது.

படபடப்புக்கு வருவோம். போனோடு சேர்த்து அம்மாவையும் கணவரையும் அல்லவா பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டீர்கள்? படபடக்காமல் என்ன செய்யும்! அழைப்பு வேறு, விரலால் தள்ளித் தள்ளி வீடியோ பார்ப்பது வேறு. விட வேண்டியது இரண்டாவதை மட்டும்தான். பழைய பட்டன் போன் இருந்தால் அன்றைக்கு அதைப் பாவியுங்கள். கணவர் அதில் எடுக்கட்டும்.

அம்மாவின் விஷயம் கொஞ்சம் சிக்கல். குவைத் நமக்கு இரண்டரை மணித்தியாலம் பின்னால். அவர் இரவு 9 மணிக்கு வேலை முடித்து எடுத்தால் இங்கே பதினொன்றரை. பேசி முடித்து 12 மணிக்குப் படுத்து 5 மணிக்கு எழும்பினால் ஐந்து மணித்தியாலத் தூக்கம். உங்கள் வயதுக்கு ஏழாவது வேண்டும். பிள்ளை மேல் வந்த கோபத்தில் பாதி இந்தத் தூக்கக் கடன்தான் என்பது என் எண்ணம். வாரத்தில் எந்த இரண்டு நாள் பேசுவது என்று அம்மாவோடு முடிவு செய்யுங்கள். மற்ற நாட்களில் 9 மணிக்கு டேட்டாவை நிறுத்திவிட்டு, போனை அடுத்த அறையில் வைத்துவிட்டுப் படுங்கள். எழும்புவதற்கு ஒரு மணிக்கூடு வாங்கிக்கொள்ளலாம்.

இன்னொன்று. போன் கையில் இருக்கும்போதும், படி ஏறும்போதும் படபடக்கிறதா? அப்படியென்றால் இரத்தச்சோகை, தைராய்டு இரண்டையும் பார்க்க வேண்டும். ஆஸ்பத்திரியில் ஹீமோகுளோபின் பரிசோதித்துக்கொள்ளுங்கள். சாப்பிட்ட கையோடு தேத்தண்ணி குடிக்கும் பழக்கம் நம் பக்கத்தில் அதிகம். அது உணவிலுள்ள இரும்புச்சத்தை உடம்பில் முழுதாகச் சேரவிடாது. ஒரு மணித்தியாலம் கழித்துக் குடியுங்கள். மனச்சோர்வு இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தால் 1926 என்ற தேசிய மனநல உதவி எண்ணில் பேசலாம்.

அடுத்த போயாவுக்கு முழு நாள் வேண்டாம், காலை ஆறிலிருந்து பத்து வரை போதும். மண்சரிவு எச்சரிக்கை விட்டிருக்கும் மழை நாட்களில் மட்டும் இந்தப் பரிசோதனையே கூடாது. அந்த இரவுகளில் போன் நிறைந்த சார்ஜோடு, சத்தத்தோடு, தலைமாட்டிலேயே இருக்கட்டும்.