எம்.பி. சீனிவாசன் வீணடிக்கப்பட்டாரா?

அன்புள்ள ஐயா,

‘தென்னங்கீற்று ஊஞ்சலிலே’ பாடலுக்கு இசையமைத்தவர் எம்.பி. சீனிவாசன் என்பதை அண்மையில்தான் அறிந்தேன். தமிழில் அவர் இசையமைத்த படங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம் என்கிறார்கள். இத்தகைய திறமையாளரைத் தமிழ்த் திரையுலகம் வீணடித்துவிட்டது அல்லவா?

ஒரு வாசகர், கோவை

அன்புள்ள நண்பருக்கு,

தமிழ்த் திரையுலகம் அவரைப் போதிய அளவு பயன்படுத்திக்கொள்ளவில்லை என்பதை ஏற்கிறேன். ஆனால் அவர் வீணாகிப்போனார் என்று சொல்ல எனக்கு மனம் ஒப்பவில்லை.

நீங்கள் குறிப்பிடும் பாடல், நிமாய் கோஷ் இயக்கி 1960-இல் வெளிவந்த ‘பாதை தெரியுது பார்’ படத்தில் இடம்பெற்றது. ஜெயகாந்தன் எழுதி, பி.பி. ஸ்ரீனிவாஸும் எஸ். ஜானகியும் பாடியது. அதே படத்தில் கே.சி.எஸ். அருணாசலம் எழுதிய ‘சின்னச் சின்ன மூக்குத்தியாம்’ பாடலும் உண்டு. பின்னர் ‘தாகம்’, ‘மதன மாளிகை’ போன்ற சில படங்கள் வந்தன. ஜான் ஆபிரகாமின் ‘அக்ரஹாரத்தில் கழுதை’யில் கழுதையை வளர்க்கும் பேராசிரியராக நடித்தவரும் இவரே என்பது பலருக்குத் தெரியாது.

கேரளத்திலோ அவரை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. கே.ஜே. யேசுதாஸ் 1961-இல் ‘கால்பாடுகள்’ படத்துக்காக, நாராயண குருவின் வரிகளைப் பாடி முதன்முதலாக ஒலிப்பதிவுக் கூடத்துக்குள் நுழைந்தபோது இசையமைப்பாளர் இவர்தான். ஓ.என்.வி. குறுப்பின் வரிகளுக்கு ‘உள்க்கடல்’, ‘சில்லு’ ஆகிய படங்களில் அவர் அமைத்த மெட்டுகள் இன்றும் அங்கே பாடப்படுகின்றன. அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘சுயம்வரம்’ (1972), ‘எலிப்பத்தாயம்’ (1981) ஆகியவற்றின் பின்னணி இசையும் அவருடையதே. காட்சி தானே சொல்லிவிட்டதை இசை மறுபடி சொல்லக்கூடாது என்ற கட்டுப்பாட்டை அந்தப் படங்களில் உணரலாம். பாடல்களின் எண்ணிக்கையைக் கொண்டே இசையமைப்பாளரை மதிப்பிடும் நம் வழக்கத்தில் இந்தப் பணி கணக்கிலேயே வருவதில்லை.

ஆனால் அவருடைய ஆகப்பெரிய சாதனை திரைக்கு வெளியே நிகழ்ந்தது என்பதே என் கருத்து. 1970-களின் தொடக்கத்தில் அவர் சென்னையில் உருவாக்கிய இளைஞர் சேர்ந்திசைக் குழு, பாரதியின் பாடல்களையும் பிற இந்திய மொழிப் பாடல்களையும் பல குரல்களில் பாடியது. ஒற்றை மெட்டின் வழியே நகரும் நம் மரபில், ஒரே நேரத்தில் வெவ்வேறு சுரங்களில் செல்லும் குரல்களை ராகத்தின் இயல்பு கெடாமல் இணைப்பது எளிதன்று; அதை அவர் தேர்ந்த வித்வான்களைக் கொண்டல்ல, இசையைத் தொழிலாகக் கொள்ளாத இளைஞர்களைக் கொண்டு செய்தார். இடதுசாரி இயக்கத்தில் ஊறியவர் அவர். திரை இசைக்கலைஞர்களுக்குச் சங்கம் அமைக்க முன்னின்றதையும் இந்தச் சேர்ந்திசையையும் நான் தனித்தனியாகப் பார்ப்பதில்லை. 1988-இல் லட்சத்தீவில் அவர் காலமானார்.

பட எண்ணிக்கையை உயர்த்துவதே அவருடைய குறிக்கோளாக இருந்திருந்தால், சேர்ந்திசைக்கு இத்தனை ஆண்டுகளைக் கொடுத்திருக்க மாட்டார். ‘எலிப்பத்தாயம்’ படத்தை ஒருமுறை இசைக்காகவே பாருங்கள்; அதன்பின் சேர்ந்திசைக் குழுவின் பாரதி பாடல்களைத் தேடிக் கேளுங்கள்.