சீட்டில் ‘ஸ்கோப்பி’ என்று எழுதியிருந்தால் அது எந்தப் பரிசோதனை? எப்படித் தயாராக வேண்டும்?

நீங்கள் கேட்டது இதுதான்: ஏற்காடு மலையில் நாகலூர் பக்கம் எஸ்டேட்டில் இருக்கிறீர்கள். அம்மாவுக்கு 64 வயது, சர்க்கரை இருக்கிறது, ரத்த சோகைக்கு இரும்புச் சத்து மாத்திரையும் ஓடுகிறது. சேலத்தில் டாக்டர் சீட்டில் ‘ஓ.ஜி.டி., கொலோனோ’ என்று எழுதினார். வரவேற்பில் ‘எண்டோஸ்கோப்பி’ என்று சொல்லித் தேதி கொடுத்தார்கள். பக்கத்து வீட்டில் ‘ராத்திரி சாப்பிடாம போனா போதும்’ என்கிறார்கள். எது சரி?

சீட்டில் இருப்பதுதான் சரி. அது இரண்டு பரிசோதனை: ஓ.ஜி.டி. வாய் வழியாக வயிற்றைப் பார்ப்பது, கொலோனோ (கொலோனோஸ்கோப்பி) ஆசனவாய் வழியாகப் பெருங்குடலைப் பார்ப்பது. வெறும் பட்டினி முதலாவதற்குப் போதும், இரண்டாவதற்குப் போதாது. பட்டினியோடு மட்டும் போய் நின்றால் கொலோனோஸ்கோப்பியைத் தள்ளிப் போட்டுத் திருப்பி அனுப்புவார்கள். அல்லது அரைகுறையாகப் பார்த்துவிட்டு ‘மறுபடி செய்யவும்’ என்று எழுதுவார்கள்.

எண்டோஸ்கோப்பி என்பது பொதுப்பெயர். முனையில் விளக்கும் கேமராவும் உள்ள குழாயை உடம்புக்குள் விட்டுப் பார்க்கும் எல்லாப் பரிசோதனைக்கும் அது பொருந்தும். ஆனால் நம் ஊரில் ‘எண்டோஸ்கோப்பி’ என்றால் வாய் வழியாக வயிற்றைப் பார்ப்பது என்றே எல்லோரும் எடுத்துக்கொள்கிறார்கள். குழப்பம் அங்கேதான் ஆரம்பிக்கிறது. ஓ.ஜி.டி. ஸ்கோப்பி, யு.ஜி.ஐ. ஸ்கோப்பி, கேஸ்ட்ரோஸ்கோப்பி மூன்றும் நடைமுறையில் ஒன்றுதான்: உணவுக்குழாய், இரைப்பை, சிறுகுடலின் முதல் பகுதி. கொலோனோஸ்கோப்பி ஆசனவாய் வழியாகப் பெருங்குடல் முழுவதையும் பார்ப்பது. சிக்மாய்டோஸ்கோப்பி பெருங்குடலின் கடைசிப் பகுதியோடு நின்றுவிடும். பிராங்கோஸ்கோப்பி நுரையீரலுக்கு, சிஸ்டோஸ்கோப்பி சிறுநீர்ப்பைக்கு, ஹிஸ்டெரோஸ்கோப்பி கர்ப்பப்பைக்கு. லேப்பராஸ்கோப்பியில் வயிற்றில் சிறு துளை போட வேண்டும், மயக்க மருந்தும் உண்டு. அது ஆபரேஷன் தியேட்டர் வேலை. அதனால் ‘எண்டோஸ்கோப்பிக்கு வாங்க’ என்று யார் சொன்னாலும், எந்த வழியாக, எந்த உறுப்பை என்று இரண்டு கேள்வி கேட்டுவிடுங்கள். ஸ்கேனும் இதுவும் ஒன்றல்ல. ஸ்கேனில் குடலின் உள்தோலை நேரில் பார்க்க முடியாது, சதைத் துணுக்கு எடுக்கவும் முடியாது.

இரும்புச் சத்து குறைந்த ரத்த சோகைக்கு ஏன் இரண்டையும் எழுதினார் என்றால், இந்த வயதில் குடலில் எங்காவது கண்ணுக்குத் தெரியாமல் ரத்தம் கசிகிறதா என்று மேலிருந்தும் கீழிருந்தும் பார்க்க வேண்டும். இரைப்பைப் புண், பெருங்குடல் கட்டி இரண்டுமே வெளியே தெரியாமல் ரத்தத்தைக் குறைக்கும். ‘மேலே மட்டும் பாத்துக்கலாம், கீழே வேண்டாம்’ என்று அம்மா கூச்சப்பட்டுச் சொன்னால் விட்டுவிடாதீர்கள். பரிசோதனையின் போது பின்பக்கம் மட்டும் திறந்த கவுனோ பேன்ட்டோ தருவார்கள், மேலே போர்வை இருக்கும். பெண் நர்ஸ் பக்கத்தில் இருக்க வேண்டும் என்று முன்கூட்டியே கேட்பது உங்கள் உரிமை.

ஓ.ஜி.டி. எளிது. திட உணவு நிறுத்தி குறைந்தது 6 மணி நேரம், எண்ணெய்ப் பலகாரமோ கறியோ சாப்பிட்டிருந்தால் 8 மணி நேரம் ஆகியிருக்க வேண்டும். தெளிந்த தண்ணீர் 2 மணி நேரம் முன்பு வரை குடிக்கலாம். பால் காபி தண்ணீர்க் கணக்கில் வராது, அதற்கும் 6 மணி நேரம். மலையில் காலைக் குளிருக்கு ‘ஒரு வாய் காபி’ குடித்துவிட்டு வருவதால்தான் பலருக்குப் பரிசோதனை தள்ளிப்போகிறது. வெற்றிலை, புகையிலையும் கூடாது. கழற்றும் பல்செட் இருந்தால் கழற்றிவிட வேண்டும். தொண்டையில் லிக்னோகெய்ன் ஸ்ப்ரே அடிப்பார்கள், கசக்கும், எச்சில் விழுங்குவதே மறந்தது மாதிரி மரத்துப்போகும். இடது பக்கமாகப் படுக்க வைத்து, பல்லுக்கிடையில் ஒரு பிளாஸ்டிக் வளையம் வைப்பார்கள். குழாயின் தடிமன் 9 முதல் 10 மில்லிமீட்டர், ஏறக்குறைய சுண்டுவிரல். மூச்சுக்குழாய் வேறு பாதை, அதனால் மூச்சு அடைக்காது. மூக்கால் மெதுவாக மூச்சு விட்டுக்கொண்டு, எச்சிலை விழுங்காமல் வெளியே வழிய விட வேண்டும். விழுங்கப் பார்த்தால்தான் குமட்டலும் இருமலும் வரும். 5 முதல் 10 நிமிடத்தில் முடிந்துவிடும். 1868இல் ஜெர்மனியில் குஸ்மால் என்ற மருத்துவர் முதலில் இதைச் செய்து காட்டியபோது நேரான உலோகக் குழாய்தான், அதை விழுங்க வாள் விழுங்கும் வித்தைக்காரர் ஒருவரைப் பிடிக்க வேண்டியிருந்தது. வளையும் கண்ணாடியிழைக் குழாய் 1957இல்தான் வந்தது. ‘இரும்புக் குழாயை விடுவாங்களாமே’ என்று பயப்படுகிறவர்களிடம் இதைச் சொல்லலாம்.

இனி கொலோனோஸ்கோப்பி. பரிசோதனை நன்றாக அமைவதில் பாதி வேலை வீட்டில்தான் நடக்கிறது.

இரும்பு மாத்திரையை 7 நாள் முன்பே நிறுத்த டாக்டரிடம் கேளுங்கள். அது மலத்தைக் கறுப்பாக்கி, குடல் சுவரில் தார் பூசினாற்போல ஒட்ட வைக்கும், எத்தனை லிட்டர் குடித்தாலும் லேசில் போகாது. உங்கள் அம்மாவின் சீட்டில் முதலில் கேட்க வேண்டிய கேள்வியே இதுதான். வரவேற்பில் பொதுவாகக் கொடுக்கும் அச்சடித்த தாளில் இது விட்டுப்போயிருக்க வாய்ப்பு உண்டு.

3 நாள் முன்பிலிருந்து நார் உள்ள உணவு வேண்டாம். ராகிக்களி, சாமை, கீரை, பயறு, கடலை, பலா, கொய்யா, மாதுளை, தக்காளி விதை எல்லாம் நிற்க வேண்டும். குழாய்க்குள் அழுக்கை உறிஞ்சும் துவாரம் ஏறக்குறைய 4 மில்லிமீட்டர்தான். கொய்யா விதை இரண்டு மூன்று சேர்ந்து போய் மாட்டிக்கொண்டால் உறிஞ்சுவது நின்றுவிடும், கேமராவுக்கு முன்னால் கலங்கல்தான் தெரியும். உங்கள் பக்கம் கொல்லையிலேயே கொய்யா இருக்கும், அதனால் அழுத்திச் சொல்கிறேன். இட்லி, வெள்ளைச் சோறு, மோர், தயிர், முட்டை, மீன், காய் இல்லாத குழம்பு சாப்பிடலாம். ஜவ்வரிசிக் கஞ்சியும் இந்த நாட்களில் சரி. ஆனால் முந்தைய நாள் அதுவும் கூடாது.

முந்தைய நாள் காலையில் இரண்டு இட்லியோடு திட உணவை முடித்துவிடுங்கள். அதன்பின் ஒளி ஊடுருவும் திரவம் மட்டும்: வடிகட்டிய ரசம், இளநீர், பால் சேர்க்காத காபி அல்லது டீ, வடிகட்டிய ஆப்பிள் ஜூஸ், எலுமிச்சைச் சாறு. சிவப்பு, ஊதா நிறத்தில் எதுவும் வேண்டாம், உள்ளே பார்க்கும்போது ரத்தமா சாயமா என்று குழப்பும். சிறுநீரகக் கோளாறு இருந்தால் இளநீர் கூடாது, பொட்டாசியம் ஏறும்.

பேதிக்குக் கொடுக்கும் பவுடர் பெரும்பாலும் பாலிஎத்திலீன் கிளைக்கால், ஒரு பாக்கெட் 137 கிராம். அதை 2 லிட்டர் தண்ணீரில் கரைக்க வேண்டும். ‘கொஞ்சமா கரைச்சா சீக்கிரம் குடிச்சுடலாம்’ என்று ஒரு லிட்டரில் கரைப்பது தப்பு. இந்த மருந்து குடலைக் கழுவுவதே அந்தத் தண்ணீரோடு சேர்ந்துதான். சர்க்கரையோ சர்பத்தோ கலக்காதீர்கள். வாய் குமட்டினால் இடையிடையே எலுமிச்சைத் துண்டைச் சப்பிக்கொள்ளலாம். 10, 15 நிமிடத்துக்கு ஒரு முறை ஒரு டம்ளர், அதாவது 200 முதல் 250 மில்லி. ஃபிரிட்ஜில் வைத்துக் குடித்தால் சுவை தெரியாது என்று சொல்வார்கள். சேலத்து வெயிலுக்கு அது சரி. மலையில் டிசம்பர், ஜனவரியில் ஜில்லென்று இவ்வளவு குடித்தால் வயதானவர்களுக்கு நடுக்கம் வந்துவிடும், சாதாரணத் தண்ணீரிலேயே கரையுங்கள். வாந்தி வந்தால் அரை மணி நேரம் நிறுத்தி, பிறகு மெதுவாகத் தொடருங்கள். சோடியம் பாஸ்பேட் வகை மருந்து குடிக்க அளவு குறைவு என்பதால் சிலர் கேட்டு வாங்குவார்கள். சிறுநீரகம், இதயக் கோளாறு இருப்பவர்களுக்கு அது ஆபத்து.

மொத்தத்தையும் முந்தைய இரவே குடிப்பதைவிட, பாதியை மாலையிலும் மீதியைப் பரிசோதனைக்கு 4 முதல் 6 மணி நேரம் முன்பும் குடித்தால் குடல் நன்றாகச் சுத்தமாகும். இரவு முழுக்கச் சிறுகுடலிலிருந்து இறங்கும் கசடு, பெருங்குடலின் ஆரம்பமான சீக்கம் பக்கம் பூசிக்கொள்ளும், காலைப் பாதிதான் அதைக் கழுவும். காலை 10 மணிக்கு நேரம் கொடுத்திருந்தால் விடியற்காலை 4 மணிக்குத் தொடங்கி 5, 5.30க்குள் முடிக்க வேண்டும். மயக்க மருந்து கொடுப்பார்கள் என்பதால் கடைசி டம்ளரை எத்தனை மணிக்குள் முடிப்பது என்று கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

இங்கேதான் மலையில் இருப்பவர்களுக்குச் சிக்கல். 5.30க்கு மருந்தை முடித்துவிட்டு, 20 கொண்டை ஊசி வளைவு இறங்கும் பஸ்ஸில் ஏற முடியாது. வழியில் பத்து நிமிடத்துக்கு ஒரு முறை நிறுத்தச் சொல்லவும் முடியாது. பயணத்துக்குப் பயந்து காலை மருந்தை விட்டுவிடுகிறவர்கள் உண்டு, அவர்களுக்குத்தான் சீக்கம் இருக்கும் வலப்பக்கக் குடல் தெரியாமல் போகும். என் யோசனை: முந்தைய நாள் மதியமே கீழே சேலத்துக்கு இறங்கி, அஸ்தம்பட்டியோ செவ்வாய்ப்பேட்டையோ, எங்கே உறவினர் வீடு இருக்கிறதோ அங்கே தங்குங்கள். இல்லாவிட்டால் அறையோடு ஒட்டிய கழிப்பறை உள்ள லாட்ஜ். எஸ்டேட் லைன் வீடுகளில் கழிப்பறை வெளியே தள்ளி இருந்தால், இரவில் பத்துப் பன்னிரண்டு முறை ஈரப் படியில் அம்மா தனியாக இறங்கி ஏற வேண்டியிருக்கும். உடம்பில் நீர் குறைந்து தலைசுற்றும் நேரம் அது, விழுந்து இடுப்பு எலும்பு முறிவதற்கு அதுவே போதும். எங்கே தங்கினாலும் விளக்கை அணைக்காமல், ஒருவர் கூடவே விழித்திருங்கள். கடைசியில் வெளியே போவது சிறுநீர் மாதிரி தெளிந்த மஞ்சள் நீராக இருந்தால் குடல் தயார். பழுப்பாக, துணுக்குகளோடு இருந்தால் போய்ச் சேர்ந்ததும் முதலில் நர்ஸிடம் சொல்லுங்கள், கூடுதல் மருந்தோ எனிமாவோ கொடுத்துப் பார்ப்பார்கள். மறைத்தால் நஷ்டம் உங்களுக்கு.

சர்க்கரை விஷயம். சாப்பாடு நின்றிருக்கும்போது வழக்கமான மாத்திரையையும் இன்சுலினையும் அப்படியே எடுத்தால் சர்க்கரை தாழ்ந்துவிடும். எதை நிறுத்துவது, எதைப் பாதியாக்குவது என்று டாக்டரிடம் எழுதி வாங்குங்கள். டாபாகிளிஃப்ளோசின், எம்பாகிளிஃப்ளோசின் இரண்டில் ஏதாவது எடுத்தால் தனியாகச் சொல்லுங்கள். பட்டினியின் போது ரத்தத்தில் அமிலம் சேரும் அபாயம் இருப்பதால் அவற்றை 3 நாள் முன்பே நிறுத்தச் சொல்வது வழக்கம். குளுக்கோமீட்டரில் 70க்குக் கீழே போனால், வேர்த்துக் கொட்டினால், தெளிந்த குளுக்கோஸ் தண்ணீர் கொடுத்துவிட்டு ஆஸ்பத்திரிக்குச் சொல்லுங்கள். பட்டினி கெட்டுவிடும் என்று தயங்க வேண்டாம். பிரஷர் மாத்திரையை ஒரு மடக்குத் தண்ணீரில் போடலாமா என்று கேளுங்கள், பெரும்பாலும் ஆம் என்பார்கள். ரத்தம் உறையாமல் தடுக்கும் குளோபிடோக்ரல், வார்ஃபரின் போன்றவை இருந்தால் சொந்தமாக நிறுத்தவே கூடாது. இதயத்தில் ஸ்டென்ட் வைத்தவர் அதை நிறுத்துவது ஸ்கோப்பியைவிடப் பெரிய ஆபத்து.

இரண்டும் ஒரே நாளில் என்றால் வழக்கமாக ஓ.ஜி.டி.யை முதலில் முடித்துக்கொண்டு கொலோனோவுக்குப் போவார்கள். காற்று அல்லது கார்பன் டை ஆக்சைடு ஊதிக் குடலை விரிப்பதால் வயிறு உப்பும், வளைவுகளில் இழுத்துப் பிடிக்கும். காற்று பிரிந்தால் வெட்கப்படாமல் விட்டுவிட வேண்டும், அடக்கினால்தான் வலி.

அறிக்கையைப் படிக்கும்போது இவற்றைப் பாருங்கள். ஓ.ஜி.டி.யில் ‘டி2 வரை’ என்றிருந்தால் சிறுகுடலின் இரண்டாம் பகுதி வரை பார்த்திருக்கிறார்கள். ‘ஆன்ட்ரல் கேஸ்ட்ரைட்டிஸ்’ என்றால் இரைப்பையின் கீழ்ப்பகுதி சிவந்திருக்கிறது, அவ்வளவுதான். நிறையப் பேருக்கு வரும் வரி அது, இந்த ரத்த சோகைக்குக் காரணம் கிடைத்துவிட்டது என்று அதோடு நிற்கக் கூடாது. ‘எரோஷன்’ மேலோட்டமான உரசல், ‘அல்சர்’ ஆழமான புண். ‘ஆர்.யு.டி. பாசிட்டிவ்’ என்றால் ஹெலிகோபாக்டர் பைலோரி கிருமி இருக்கிறது. சதைத் துணுக்கை வைத்த மஞ்சள் ஜெல் இளஞ்சிவப்பாக மாறுவதை வைத்துச் சொல்வார்கள். 2 வாரத்துக்குள் பான்டோபிரசோல் போன்ற கேஸ் மாத்திரையோ, 4 வாரத்துக்குள் ஆன்டிபயாட்டிக்கோ எடுத்திருந்தால் கிருமி இருந்தும் நெகட்டிவ் காட்டலாம், அதனால் முன்பே சொல்லிவிடுங்கள். கொலோனோவில் சீக்கம் வரை போனார்களா என்பது முக்கியம். குடல் சுத்தத்துக்கு ‘பாஸ்டன் ஸ்கோர்’ என்று மொத்தம் 9க்கு மதிப்பெண் இருக்கும், மூன்று பகுதிக்கும் தலா 2க்குக் குறையாமல் இருந்தால் பார்த்ததை நம்பலாம். அதற்குக் கீழே இருந்து ‘நார்மல்’ என்று எழுதியிருந்தால், மறுபடி எப்போது பார்க்க வேண்டும் என்று நேராகக் கேளுங்கள்.

முடிந்ததும் தொண்டை மரத்திருக்கும் வரை, ஏறக்குறைய ஒரு மணி நேரம், எதுவும் கொடுக்காதீர்கள், புரையேறும். முதலில் ஒரு மடக்குத் தண்ணீர், பிறகு இட்லி. மயக்க மருந்து கொடுத்திருந்தால் அன்றே வளைவுப் பாதையில் ஏறினால் வாந்தி வரலாம், முடிந்தால் அன்றிரவும் கீழேயே இருங்கள். பாலிப் (குடலின் உள்தோலில் வளரும் சிறு சதை வளர்ச்சி) எடுத்திருந்தால் 2 வாரம் வரைகூடத் தாமதமாக ரத்தம் கசியலாம், அதுவரை வாகனமும் ஆஸ்பத்திரியும் எட்டாத இடத்துக்குப் போக வேண்டாம். விடாத வயிற்று வலி, காய்ச்சல், ரத்த வாந்தி, மூச்சுத் திணறல், ஆசனவாயில் கட்டியாக ரத்தம், இவற்றில் எது வந்தாலும் காலை வரை காத்திராமல் இறங்குங்கள். இரும்பு மாத்திரையை மறுபடி தொடங்கும் தேதியையும் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். அதைத் தொடங்கியதும் மலம் கறுக்கும், அது சாதாரணம். தார் மாதிரி பளபளப்பாக, பிசுபிசுத்து, வழக்கத்துக்கு மாறான நாற்றத்தோடு கறுப்பாகப் போனால் அது மாத்திரையால் அல்ல, உள்ளே ரத்தம் கசிகிறது.