பார்னெட் எலிசபெத் ராணி பள்ளி: வெம்ப்ளி தம்பிக்கு என் பதில்

தம்பி, திருச்சியிலிருந்து வந்து லண்டன் வெம்ப்ளியில் குடியேறி ஆறு மாதம் ஆகிறது, மகன் இயர் 4 (எட்டு, ஒன்பது வயது வகுப்பு) படிக்கிறான் என்று எழுதியிருந்தீர்கள். ஆபீஸில் நம்மூர்க்காரர்கள் எல்லாரும் வடக்கு லண்டன் பார்னெட்டில் இருக்கும், பதினொரு வயதில் பையன்களைச் சேர்க்கும் குயின் எலிசபெத் பள்ளியைப் பற்றியே பேசுகிறார்களாம். 450 வருடப் பள்ளி என்றால் அது பணக்காரர்கள் இடமா, விசாவில் இருக்கும் பிள்ளையைச் சேர்ப்பார்களா, இப்போதே டியூஷனில் போட வேண்டுமா என்று கேட்கிறீர்கள். என் பையன் அங்கே படித்து வெளியே வந்தவன். அதனால் தெரிந்ததைச் சொல்கிறேன்.

முதலில் காசு விஷயம். அது அரசுப் பள்ளி. ஃபீஸ் கிடையாது. பெற்றோரிடம் நன்கொடை கேட்பார்கள், கொடுப்பதும் கொடுக்காததும் உங்கள் விருப்பம். வேலை விசாவில் வந்திருப்பவர்களின் பிள்ளைகளும் இங்கே அரசுப் பள்ளியில் தாராளமாகப் படிக்கலாம், அந்தப் பயமே வேண்டாம். பழைய பெயர், கோட்டு, டை எல்லாம் பார்த்து ஈட்டன் மாதிரி ஒரு பணக்காரத் தனியார் பள்ளி என்று நினைத்துவிடாதீர்கள். ஈட்டனுக்கு வருடம் பல ஆயிரம் பவுண்டு கட்ட வேண்டும். இங்கே பையன் பரீட்சையில் தேற வேண்டும், அவ்வளவுதான்.

அந்த 450 வருடக் கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் அதைத்தான் நம் ஆட்கள் பாதி மட்டும் சொல்கிறார்கள். 1573இல் ராபர்ட் டட்லி, அதாவது லெஸ்டர் பிரபு, கேட்டுக்கொண்டதன் பேரில் முதலாம் எலிசபெத் சாசனம் கொடுத்துத் தொடங்கிய பள்ளி அது, உண்மைதான். ஹை பார்னெட்டில் வுட் ஸ்ட்ரீட் பக்கம் போனால் செயின்ட் ஜான் தேவாலயத்துக்கு எதிரே சிவப்புச் செங்கல்லில் டியூடர் ஹால் என்று ஒரு கட்டடம் நிற்கும். பள்ளி பிறந்த இடம் அதுதான், இப்போது அது உள்ளூர்க் கல்லூரியின் கையில் இருக்கிறது. பள்ளி 1932இலேயே பக்கத்தில் குயின்ஸ் ரோட்டுக்கு மாறிவிட்டது.

ஆனால் இன்றைக்கு நீங்கள் கேள்விப்படுகிற பள்ளி, ரிசல்ட் பட்டியலில் நாட்டிலேயே முதல் வரிசையில் நிற்கிற பள்ளி, 1573இல் பிறந்ததல்ல. 1971இல் இதைக் காம்ப்ரிஹென்சிவ் ஆக்கினார்கள். நுழைவுத்தேர்வு எதுவும் இல்லாமல் எல்லாப் பிள்ளைகளையும் சேர்க்கிற சாதாரணப் பள்ளி. அப்புறம் 1988 சட்டம் பள்ளிகளுக்கு உள்ளூர் நிர்வாகமான கவுன்சிலின் கட்டுப்பாட்டிலிருந்து வெளியேறும் வழியைத் திறந்துவிட, 1989இல் இது வெளியே வந்தது, 1994இல் மறுபடி பரீட்சை வைத்துப் பையன்களை எடுக்க ஆரம்பித்தது. நான்கே வருடத்தில், 1998இல், புதிதாக கிராமர் ஸ்கூல், அதாவது இப்படிப் பரீட்சை வைத்துப் பிள்ளைகளை எடுக்கும் அரசுப் பள்ளி, தொடங்கக் கூடாது என்று சட்டம் வந்துவிட்டது. இங்கிலாந்தில் இன்று இருப்பது 163 மட்டும்தான். அந்தச் சின்ன இடைவெளியில் மாறியிராவிட்டால் இன்று உங்கள் ஆபீஸில் யாரும் இந்தப் பெயரைச் சொல்லியிருக்க மாட்டார்கள். செயற்கை நுண்ணறிவில் பெரிய பெயர் எடுத்து 2024இல் வேதியியல் நோபல் பெற்ற டெமிஸ் ஹசாபிஸ் இங்கே படித்தவர் என்று டியூஷன் சென்டர்களில் பெருமையாகச் சொல்வார்கள். அவர் படித்தது 1988 முதல் 1990 வரை, பரீட்சை வடிகட்டலே இல்லாத காலத்தில். அதையும் சேர்த்துச் சொன்னால்தானே நியாயம்?

இதைச் சொல்வது பள்ளியைக் குறைக்க இல்லை. எனக்கு அந்தப் பள்ளி மேல் உண்மையான அன்பு உண்டு. ஜூன் மாதம் ஒரு சனிக்கிழமை ஃபவுண்டர்ஸ் டே வரும். தேவாலயத்தில் வழிபாடு, பிறகு பள்ளி முன்றிலில் மொத்தப் பையன்களையும் நிறுத்தி வருகைப்பதிவு எடுப்பார்கள், பள்ளியின் வரலாற்றுக் குறிப்பை உரக்க வாசிப்பார்கள். அது முடிந்ததும் மைதானத்தில் திருவிழா. எங்கள் வீட்டுப் பெரியவர்கள் வந்து வெயிலில் நின்று அந்த வரலாற்றைக் கேட்டபோது, நாலு வருடம் முன்னால் பார்னெட் எந்தத் திசை என்றே தெரியாத குடும்பம் இது, என் பையன் பெயரும் இந்தப் பட்டியலில் சேர்ந்துவிட்டதே என்று எனக்குத் தொண்டை அடைத்தது. இசை, செஸ், விவாதம், சுவரில் கையால் பந்து அடிக்கும் ஈட்டன் ஃபைவ்ஸ் என்று பையன் கற்றுக்கொண்டதெல்லாம் நான் காசு கொடுத்தும் வாங்கித் தந்திருக்க முடியாதவை.

ஆனால் கணக்கையும் பாருங்கள். ஏறக்குறைய 190 இடம், எழுதுகிறவர்கள் 3,000 பேருக்கு மேல். வீட்டின் தூரம் பார்த்து இடம் கொடுக்கிற பள்ளி இல்லை, மதிப்பெண் வரிசைதான் முக்கியம், அதனால் லண்டனின் எல்லாப் பக்கத்திலிருந்தும் வெளியூரிலிருந்தும் வந்து எழுதுவார்கள். பத்து வயதுப் பிள்ளைகளில் பெரும்பாலானவர்களுக்கு "இல்லை" என்றே பதில் வரும். அதை ஏதோ குடும்ப மானம் போன மாதிரி எடுத்துக்கொண்டு பிள்ளையிடம் பேச்சை நிறுத்திய வீட்டை நான் பார்த்திருக்கிறேன். அந்தப் பையன் பக்கத்துத் தெருக் காம்ப்ரிஹென்சிவில் படித்து நன்றாக வந்தான். ஆனால் பதில் வந்த அந்த மார்ச் மாதத்தை இன்னும் மறக்கவில்லை.

டியூஷன் பற்றி: இயர் 4இல் வேண்டாம். நல்ல காசு வாங்குகிற ஒரு சென்டர் ஏழு வயதிலேயே ஆரம்பிக்கச் சொல்லிப் பயமுறுத்தும், காதில் போட்டுக்கொள்ளாதீர்கள். பரீட்சை ஆங்கிலமும் கணிதமும், கொடுத்த விடைகளில் ஒன்றைத் தேர்வு செய்து விடைத்தாளில் குறிப்பது. நம் பிள்ளைகளுக்குக் கணிதம் ஓடிவிடும், ஆங்கிலத்தில்தான் மாட்டுவார்கள். புதிதாக வந்தவனுக்கு இன்னும் அதிகம். லைப்ரரி கார்டு வாங்கிக் கொடுங்கள், காசு இல்லை, வாரம் ஒரு முறை கூட்டிப்போங்கள், அவனே புத்தகம் எடுக்கட்டும். இயர் 5 தொடங்கும்போது பழைய மாதிரித் தாள்களை வீட்டிலேயே நேரம் வைத்துப் போட்டுப் பாருங்கள். தடுமாறுகிற இடம் தெரிந்தபின் அதற்கு மட்டும் ஆள் வைத்தால் போதும்.

பயணத்தையும் யோசியுங்கள். வெம்ப்ளியிலிருந்து ஹை பார்னெட்டுக்கு நேர் ட்யூப் ரயில் இல்லை, மாறித்தான் போக வேண்டும். எட்ஜ்வேரிலிருந்து 107 பஸ் உண்டு, கட்டணம் வாங்கும் பள்ளிக் கோச்சுகளும் உண்டு. பதினொரு வயதுப் பையன் தினமும் அலைய வேண்டிய நேரம் அது. ஒரு வார நாளில், காலை நெரிசலில், அவனோடு சேர்ந்து போய்ப் பாருங்கள்.

பெண் பிள்ளை இருந்தால் குழப்பிக்கொள்ளாதீர்கள்: பார்னெட்டில் இருக்கும் குயின் எலிசபெத் பெண்கள் பள்ளி தனிப் பள்ளி, அங்கே இந்த மாதிரித் தேர்வு இல்லை. பரீட்சை வைத்துப் பெண் பிள்ளைகளை எடுக்கும் பள்ளிகளில் ஒன்று ஹாம்ப்ஸ்டெட் கார்டன் சபர்ப் பக்கம் இருக்கும் ஹென்றியட்டா பார்னெட்.

தேதிகளில்தான் நம் ஆட்கள் கோட்டை விடுகிறார்கள். பரீட்சைக்குப் பதிவு இயர் 5 முடியும் கோடையிலேயே பள்ளியிடம் நேரடியாகச் செய்ய வேண்டும். பரீட்சை செப்டம்பரில், இயர் 6 தொடங்கியவுடன். கவுன்சில் படிவத்துக்குக் கடைசி நாள் அக்டோபர் 31, பதில் மார்ச் 1. மதிப்பெண் அக்டோபரில் தெரிந்துவிடும் என்பதால் அதைப் பார்த்தபின்பே படிவத்தில் இடமுள்ள ஆறு பள்ளிகளையும் எழுதலாம். உங்களுக்கு உண்மையாகவே இந்தப் பள்ளிதான் வேண்டுமென்றால் இதை முதல் இடத்தில் எழுதுங்கள். நீங்கள் யாரை எத்தனையாவதாக வைத்தீர்கள் என்று பள்ளிகளுக்குக் காட்டமாட்டார்கள், அதனால் மற்ற பள்ளி கோபித்துக்கொள்ளும் என்ற பேச்சை நம்ப வேண்டாம். ஆறில் ஒன்றிரண்டு வீட்டுக்குப் பக்கத்தில் நிச்சயம் கிடைக்கக்கூடிய பள்ளியாக இருக்கட்டும், அவற்றையும் இப்போதே நேரில் போய்ப் பார்த்து வையுங்கள்.